மண் படாத தெல்லியாஸ்

பெலாக்ரா ஊரில் தொப்பி செய்யும் தெல்லியாஸ், மல்யுத்தத்தில் பதினெட்டு வருஷத்தில் பதினொரு வெற்றி முடி சூடியவன். எங்கள் மலைப்பக்கத்தில் அவனுக்கு முன்னாலும் அப்படி ஒருவன் இல்லை, பின்னாலும் இல்லை. இதில் விசேஷம் என்னவென்றால், அந்தப் பதினெட்டு வருஷத்தில் அவன் ஒருவனோடும் மல்லுக்கட்டியதில்லை. அவன் கை இன்னொருவன் கழுத்தில் விழுந்ததில்லை. இன்னொருவன் விரல்கூட அவன் மேல் பட்டதில்லை. சாமி சத்தியமாகச் சொல்கிறேன், அவனுக்கு எதிராளியை எந்தப் பக்கம் பிடிக்க வேண்டும் என்பதே தெரியாது.

ஆள் மட்டும் மலை மாதிரி இருப்பான். அது தொழில் கொடுத்த உடம்பு. கம்பளித் தொப்பி செய்கிறவன் ஆட்டு மயிரை வெந்நீரில் நனைத்து, பாயில் சுருட்டி, காலையிலிருந்து சாயங்காலம் வரை மிதிப்பான், முழங்கையால் உருட்டுவான். பிறகு தண்ணீர் குடித்துக் கனத்துப்போன அந்தச் சுருளை இடுப்போடு அணைத்துத் தூக்கி, திருப்பிப் போட்டு, மறுபடி மிதிப்பான். பத்து வயதிலிருந்து இதையே செய்தவனுக்குத் தொடை எப்படி இருக்கும்? குணம் என்னவோ அவன் மிதித்த கம்பளியைவிட மெத்து. கோழியை விரட்டுவதற்குக்கூடப் பெண்டாட்டியைத்தான் கூப்பிடுவான்.

முதல் முடி வந்த கதை இது. அப்போது அவனுக்கு இருபத்திரண்டு வயது. கீழ்ப்பள்ளத்தாக்கில் அல்சோன் ஊரில் விளைச்சல் தேவி தெமேத்தருக்குத் திருவிழா; விளைச்சல் பொய்த்த வருஷங்களில் அது நடக்காது. பந்தயம் பார்க்க வருகிறவர்கள் வெயிலுக்குத் தொப்பி வாங்குவார்கள் என்று ஒரு மூட்டையோடு போனான். கூட்டத்தில் பருப்புக் கஞ்சி விற்கிற ஒருத்தி தடுக்கி விழ, பானை மொத்தமும் இவன் மேல் கவிழ்ந்தது. இருந்தது ஒரே அங்கி. அதைத் தொட்டியில் அலசிப் அங்கிருந்த ஒரு மரக்கிளையில் போட்டுவிட்டு, காயட்டும் என்று பக்கத்தில் நின்றான். அந்த மரம் மல்யுத்தக் குழிக்கு ஓரமாக இருந்தது அவன் தலையெழுத்து.

சந்தையில் அப்படி நின்றிருந்தால் கல்லால் அடித்திருப்பார்கள். பந்தய மைதானத்தில் கதையே வேறு. அங்கே துணி கட்டிக்கொண்டு குழியில் இறங்குகிறவனைத்தான் விரட்டுவார்கள். அம்மணமாக நிற்கிறவன் போட்டிக்கு வந்தவன். கட்டியக்காரன் நேராக இவனிடம் வந்தான்.

"பேரு?"

"தெல்லியாஸ்."

"அப்பன் பேரு? ஊரு?"

"மனாசிப்போஸ். பெலாக்ரா. ஏங்க, இங்க துணி காயப்போடக் கூடாதுங்களா?"

"போடு, போடு. சீட்டை எடு."

பெரியவர்கள் கேட்டால் மறுக்கத் தெரியாத பிள்ளை அவன். கட்டியக்காரன் நீட்டிய தலைக்கவசத்துக்குள் கைவிட்டு ஒரு சீட்டை எடுத்தான். மொத்தம் மூன்றே பேர். இவனுக்கு வந்தது ஒற்றைச் சீட்டு. மற்ற இரண்டு பேர் முதலில் மோத வேண்டும், ஜெயித்தவன் இவனோடு மோத வேண்டும். அந்த இருவரும் வெயிலில் நெடுநேரம் புரண்டார்கள். ஜெயித்தவன் ஒரு கல்தச்சன். அவன் தோள்பட்டை நழுவிப்போய் நாக்குத் தள்ள எழுந்தான். எழுந்தவன் மரத்தடியில் நின்ற இந்த ஆளைப் பார்த்தான், தொடையைப் பார்த்தான், நடுவரிடம் போய்த் தன் அம்மாவுக்கு உடம்பு சரியில்லை என்று சொல்லிவிட்டு நடையைக் கட்டினான்.

கட்டியக்காரன் நெஞ்சை நிமிர்த்திக் கூவினான்: "மல்யுத்தம்! பெலாக்ராவின் தெல்லியாஸ், மனாசிப்போஸின் மகன்! மண் படாமல்!"

மல்லன் உடம்பில் எண்ணெய் பூசி, அதன் மேல் மண் தூவிக்கொண்டுதான் குழியில் இறங்குவான். எதிராளி பயந்து விலகி, அந்த மண்ணுக்கே வேலை இல்லாமல் போனால் அது "மண் படாத வெற்றி". புரண்டு எழுந்து ஜெயிப்பதைவிட எங்கள் ஜனங்களுக்கு அதுதான் உசத்தி. ஈர அங்கியும் தலையில் வாற்கோதுமைக் கதிர் முடியுமாக தெல்லியாஸ் ஊர் திரும்பினான். வழியிலேயே பாதி முடியை அவனுடைய கோவேறு கழுதை தின்றுவிட்டது.

ஊர் வாசலில் எதிரே வந்தவர்களிடம் அவன் உண்மையைச் சொல்லிப் பார்த்தான். "நான் துணி காயவச்சுட்டு நின்னேன், அவ்வளவுதாங்க."

"பாத்தியா, எவ்வளவு அடக்கம்!" என்று மன்றத்தலைவர் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

வென்றவன் ஊருக்குள் வர வாசல் போதாது, மதிலை இடித்துத்தான் வரவேற்க வேண்டும் என்று யாரோ எங்கேயோ கேட்டு வந்து சொன்னார்கள். எங்கள் மதில் மார்பளவு. அதையும் இடித்தார்கள். தெல்லியாஸ் அந்த இடைவெளி வழியாகக் குனிந்து கும்பிட்டு உள்ளே வந்தான். அதை மறுபடி கட்டுவது யார் பொறுப்பு என்று மன்றம் இன்றுவரை முடிவு செய்யவில்லை. ஊர் ஆடுகள் அந்த வழியாகத்தான் மேயப் போகின்றன. ஊர் மண்டபத்தில் தினமும் ஒரு வேளைச் சாப்பாடு, நாடகத்தில் முன்வரிசை என்று அவனுக்கு மரியாதையும் எழுதிக்கொடுத்தார்கள்.

இரண்டாவது வருஷம் ஊரே மூட்டை கட்டி அவனை அனுப்பியது. கூடவே பயிற்சியாளன் என்று பத்ரகோஸ் ஒட்டிக்கொண்டான். பெயருக்கே தவளை என்றுதான் அர்த்தம், குரலும் அப்படி. அவன் நீளம் தாண்டுகிறவர்களுக்குத் தாளம் கிடைக்கக் குழல் ஊதிக்கொண்டிருந்தவன். முன்பல் இரண்டு விழுந்தபின் குழலில் காற்று மட்டும் வந்ததால் தொழிலை மாற்றிக்கொண்டான். மல்யுத்தம் அவனுக்கும் தெரியாது. ஆனால் எதிராளி எண்ணெய் பூசும் இடத்துக்குப் போய் உட்கார்ந்து பேசத் தெரியும்.

"எங்காளு போன தடவ ஒருத்தன் கழுத்தப் புடிச்சான் தம்பி. முள்ளங்கியப் புடுங்கினா ஒரு சத்தம் வரும் பாரு, அதே சத்தம். நல்ல பையன் அவன். இப்பவும் உயிரோடதான் இருக்கான். கஞ்சி ஊட்டி விடுறாங்க."

இதைக் கேட்டபின் எத்தனை பேருக்கு வயிற்றுவலி வந்தது, எத்தனை பேருக்குப் பாட்டன் செத்தான் என்பதற்குக் கணக்கே இல்லை. ஒருவன் சீட்டு எடுத்த கையோடு ஓடிப்போய், சீட்டைத் திருப்பித் தர மறுநாள் ஆள் அனுப்பினான். ஒரு வருஷம் தெல்லியாஸைத் தவிர யாருமே வரவில்லை. கட்டியக்காரன் காலிக் குழியைப் பார்த்து மூன்று தடவை கூப்பிட்டுவிட்டு, "மண் படாமல்!" என்று முடித்துக்கொண்டான். முடி ஏற ஏறப் பயமும் ஏறியது. பயம் ஏற ஏற முடியும் வந்தது.

தெல்லியாஸுக்கு இது முதலில் வேடிக்கையாக இருந்தது, பிறகு சங்கடமாக இருந்தது, கடைசியில் வலித்தது. பயிற்சிக் கூடத்தில் சின்னப் பயல்கள் புரண்டு எழுந்து, மூக்கில் ரத்தத்தோடு சிரித்துக்கொள்வதைப் பார்த்துக்கொண்டே நிற்பான். "பத்ரகோஸ் அண்ணே, ஒரே ஒரு தடவ. யாரோடயாவது சும்மா புடிச்சுப் பாக்கறேனே."

"பைத்தியமா உனக்கு? நீ விழுந்தா வெளியில தெரியும். நீ ஜெயிச்சாலும் எப்படி ஜெயிச்சேன்னு தெரியும். தெரியாத வரைக்கும்தான்டா நீ தெல்லியாஸ்."

அவன் பெண்டாட்டி ஃபிலித்தாவுக்கு எல்லாம் தெரியும். கெட்டிக்காரி, வாய் கொஞ்சம் நீளம். ஒன்பதாவது முடியோடு அவன் வீட்டுக்குள் நுழைந்தபோது மாவு பிசைந்துகொண்டிருந்தவள், அவனை மேலும் கீழும் பார்த்தாள்.

"என்னய்யா, போன மாதிரியே வந்து நிக்குற? சண்டைக்குப் போனியா, கல்யாணத்துக்குப் போனியா?"

"மண்ணு படல ஃபிலித்தா."

"படாது. உனக்கு எப்படிப் படும்?" ஒரு கைப்பிடி மாவை அள்ளி அவன் மார்பில் வீசினாள். "இந்தா!"

எப்போதும் சிரிக்கிறவன் அன்றைக்குச் சிரிக்கவில்லை. மாவைத் தட்டாமல் அடுப்பங்கரையில் உட்கார்ந்துகொண்டான். "சாகறதுக்குள்ள ஒரு தடவையாவது நெசமா மல்லுக்கட்டணும். தோத்தாலும் சரி. மண்ணக் கவ்வினாலும் சரி. இல்லாட்டி நான் யாருன்னே எனக்குத் தெரியாமப் போயிடும்." அவள் கையைத் துடைத்துக்கொண்டு வந்து அவன் தாடியிலிருந்த மாவை ஊதிவிட்டாள். அதற்குப் பிறகு அவள் அதைச் சொல்லிக் கேலி செய்யவில்லை.

பன்னிரண்டாவது முடிக்கு ஊர் காத்திருக்கவே இல்லை. எப்படியும் வரப்போகிற முடிதானே என்று மன்றம் முன்கூட்டியே வெண்கலச் சிலை செய்து சந்தைச் சதுக்கத்தில் நிறுத்திவிட்டது. பீடத்தில் கல்லில் வெட்டிய எழுத்து: "தெல்லியாஸ். பன்னிரண்டு முறை. மண் படாதவன்." தெல்லியாஸுக்கு அப்போது நாற்பது வயது. அதைப் படித்துவிட்டு நேரே வீட்டுக்குப் போனான்.

அந்த வருஷம் அல்சோனில் ஒருவன் விலகவில்லை.

கடற்கரை ஊர்க்காரன் ஹெராக்கோன். சூரை மீன் ஜாடி சுமப்பவன், முதுகு கதவு அகலம். இரண்டே பேர்தான் பெயர் கொடுத்திருந்தார்கள். கட்டியக்காரன் அவனையும் அறிமுகப்படுத்தினான்: "கடற்கரைப் பந்தயங்களில் ஒன்பது முடி! எல்லாமே மண் படாமல்!" கூட்டம் மூச்சைப் பிடித்தது. இந்தப் பக்கம் மண் படாதவன், அந்தப் பக்கமும் மண் படாதவன். யாராவது ஒருவன் இன்றைக்குச் செத்தான் என்று எல்லோரும் இடம் பிடித்து உட்கார்ந்தார்கள்.

பத்ரகோஸ் ஓடினான், எதிராளியின் பயிற்சியாளனைப் பார்க்க. அவன் பாதி வழியிலேயே இவனைப் பார்க்க ஓடிவந்துகொண்டிருந்தான்.

"எங்காளு போன தடவ ஒருத்தன் கழுத்த..." என்று இவன் ஆரம்பித்தான்.

"முள்ளங்கியா? எங்காளு முட்டைக்கோசு," என்றான் அவன்.

இருவரும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். பிறகு குரலைத் தாழ்த்தி, உங்காளுக்கு வயிற்றுவலி என்று சொல், இல்லை உங்காளுக்குச் சொல் என்று வெகுநேரம் மன்றாடினார்கள். வயிற்றுவலியை யாரும் வாங்கிக்கொள்ளவில்லை. அதற்குள் தெல்லியாஸ் எண்ணெய் பூசிக்கொண்டான். மண் வைத்திருந்த கூடையில் இரண்டு கையையும் விட்டு அள்ளி, தோளில், மார்பில், தொடையில் தூவினான். இத்தனை வருஷத்தில் அவன் அதைத் தொட்டது அதுதான் முதல் தடவை. பயமும் இருந்தது, ஆனால் சந்தோஷம்தான் அதிகம்.

தோளோ முதுகோ தரையில் பட்டால் ஒரு வீழ்ச்சி. மூன்று விழுந்தவன் தோற்றான். இருவரும் குழியில் இறங்கி, மற்றவர்கள் செய்து பார்த்ததுபோலக் குனிந்து, நெற்றியோடு நெற்றியை முட்டி, கையைப் பிடித்துக்கொண்டார்கள். அப்படியே நின்றார்கள். மேலே கூட்டம் கொதித்தது. "பாரு பாரு, எப்படி பலம் பாக்குறானுங்க! கொஞ்சமும் அசையல!"

குழிக்குள்ளே நெற்றிகளுக்கு நடுவில் ஹெராக்கோன் முணுமுணுத்தான். "அண்ணே, கோவிச்சுக்காதீங்க. எனக்கு இது தெரியாதுண்ணே."

"எது தெரியாது?"

"மல்லுக்கட்டத் தெரியாது. மொத வருஷம் எதிராளி வந்த படகு கவுந்துபோச்சு. அதுலேருந்து யாருமே வரல."

தெல்லியாஸுக்குச் சிரிப்பு முட்டிக்கொண்டு வந்தது. தோள் குலுங்கியது. கூட்டம் அதைப் பார்த்து, "தள்ளுறான் தள்ளுறான்!" என்று எழுந்தது.

"தம்பி, எனக்கும் தெரியாது."

"ஐயோ. அப்ப என்ன பண்றது?"

"விலகிடாதப்பா. உன் கால்ல விழுறேன். விலகிட மட்டும் செய்யாத."

நடுவர் பிரம்பால் இருவர் முதுகிலும் ஒன்று வைத்தார். சும்மா நிற்பதற்கு அபராதம் அதுதான். அடி விழுந்த அதிர்ச்சியில் இருவரும் ஒருவரை ஒருவர் கட்டிக்கொண்டு பக்கவாட்டில் சாய்ந்தார்கள். இரண்டு நடுவர்கள், ஆளுக்கு ஒரு பக்கம். இவன் தோள் முதலில் பட்டது என்றார் ஒருவர், அவன் தோள் என்றார் மற்றவர். செல்லாது என்று மறுபடி நிற்கவைத்தார்கள். மறுபடியும் கட்டிக்கொண்டார்கள், மறுபடியும் சேர்ந்தே விழுந்தார்கள். பயந்தவன் பிடித்ததை விடமாட்டான். இரண்டு பேருமே பயந்தவர்கள். ஏழு தடவை விழுந்தார்கள், ஏழும் செல்லவில்லை. வெயில் சாய்ந்தது. கூட்டத்தில் பாதிப் பேருக்குக் குரல் போய்விட்டது. மீதிப் பேர் சாப்பிட்டுவிட்டுத் திரும்பி வந்திருந்தார்கள்.

எட்டாவது தடவை தெல்லியாஸின் கை தானாகக் கீழே போனது. அது ஹெராக்கோனின் இடுப்பு என்பதை அவன் மறந்துவிட்டான். எண்ணெயும் வியர்வையுமாகக் கனத்த ஏதோ ஒன்று. நனைந்த கம்பளிச் சுருளைப் பிடிப்பதுபோல அணைத்தான், முழங்காலை மடக்கினான், தூக்கினான், இடுப்பில் வைத்துத் திருப்பிப் போட்டான். கதவு அகல முதுகு காற்றில் சுழன்றது. தரை அதிர்ந்தது. கடைசி நொடியிலும் கழுத்தை விடாத ஹெராக்கோன் அவனையும் இழுத்துக்கொண்டே விழுந்தான்.

இருவரும் மல்லாந்து கிடந்தார்கள். வாயெல்லாம் மண்.

"அண்ணே," ஹெராக்கோன் மூச்சு வாங்கினான், "இத எங்க கத்துக்கிட்டீங்க?"

"தொப்பி பண்றப்ப... சுருள இப்படித்தான் தூக்கிப் போடுவேன்."

"தினமுமா?"

"தினமும்தான். பத்து வயசுலேருந்து."

"அப்ப உங்களுக்கு எப்பவுமே தெரிஞ்சிருக்கேண்ணே!"

தெல்லியாஸ் தன் இரண்டு கையையும் தூக்கிப் பார்த்தான். பதினெட்டு வருஷமாக யாரோடும் பிடிக்க விடாமல் அவனைக் காப்பாற்றி வைத்திருந்தார்கள். யாரிடமிருந்து காப்பாற்றினார்கள் என்று நினைத்தான். வானத்தைப் பார்த்துக்கொண்டே அழுதான், மண் கன்னத்தில் சேறாக ஓடியது. தோல்விக்கு அழுகிறான் என்று அல்சோன்காரர்கள் நினைத்துக்கொண்டார்கள்.

எட்டாவதும் செல்லாது என்று சொல்லி, நடுவர்கள் இருட்டும் முன் கைவிட்டுவிட்டார்கள். யாரும் ஜெயிக்காத போட்டியின் முடி தேவிக்குப் போகும். கட்டியக்காரன் எழுந்தான். அவன் இந்த மாதிரி ஒன்றைக் கூவிப் பழக்கமில்லை, கொஞ்சம் யோசித்தான். "தெல்லியாஸ், ஹெராக்கோன். முடி தெமேத்தருக்கு! இருவரும்..." என்று இழுத்து, "மண் பட்டார்கள்!" என்று முடித்தான். தெல்லியாஸ் தலை குனிந்து அதை வாங்கிக்கொண்டான்.

பந்தயம் முடிந்தால் எண்ணெயையும் மண்ணையும் உடம்பிலிருந்து சுரண்டி எடுப்பதுதான் வழக்கம். பத்ரகோஸ் சுரண்டியைத் தூக்கிக்கொண்டு பின்னாலேயே வந்தான். "டேய், சுரண்டிக்கடா! சிலை வச்சிருக்காங்கடா! இந்தக் கோலத்துல ஊருக்குள்ள போனா மானம் போயிடும்டா!" தெல்லியாஸ் காதில் வாங்கவில்லை. மறுநாள் காலையில் அங்கியை இடுப்பில் சுற்றிக்கொண்டு அப்படியே மலை ஏறினான். ஊருக்குள் இடிந்த மதில் வழியாக வராமல், எல்லோரையும்போல வாசல் வழியாக வந்தான்.

ஃபிலித்தா வீட்டு வாசலிலேயே நின்றிருந்தாள். அவன் திரும்பி நின்று முதுகைக் காட்டினான்.

அவள் தொட்டுப் பார்த்தாள். "ஐயய்யோ, கல்லு வேற ஒட்டியிருக்கே. காயம் வேற." காயத்தைச் சுற்றி விரலை ஓட்டி, "வலிக்குதாய்யா?" என்றாள்.

"ரொம்ப."

"நல்லா வலிக்கட்டும்," என்று அவள் மூக்கைச் சிந்தினாள். மூன்று நாள் அவனைக் குளிக்கச் சொல்லவில்லை.

ஊருக்குத்தான் பெரிய தலைவலி. சிலையில் பன்னிரண்டு என்று இருக்கிறது, முடி பதினொன்று. மண் படாதவன் என்று இருக்கிறது, ஆள் மண்ணோடு திரிகிறான். மன்றம் கூடிக் கூடிக் கலைந்தது. கடைசியில் கல்லில் வெட்டியதை மாற்ற முடியாது, ஆகவே கல்லில் உள்ளதுதான் உண்மை என்று முடிவானது. அதோடு இன்னொரு தீர்மானம்: மண் படாதவன் என்று எழுதியிருப்பதால் சிலை மேல் மண் படக் கூடாது. தினமும் காலையில் அதைத் துடைக்கச் சந்தை பெருக்குகிற கோனோனை நியமித்தார்கள்.

மறுநாள் கோனோன் துடைத்து முடித்த உடனே தெல்லியாஸ் வந்தான். குனிந்து ஒரு கைப்பிடி மண்ணை அள்ளினான், சிலையின் மார்பில் வீசினான், தொப்பி செய்யப் போய்விட்டான்.

"ஏன்யா இப்படிப் பண்ற?" என்று கோனோன் மறுபடி துடைத்தான்.

"நீ உன் வேலையப் பாரு. நான் என் வேலையப் பாக்கறேன்."

இருபத்தோரு வருஷம் இது நடந்தது. மழையோ பனியோ, ஒரு நாள் விடவில்லை. கோனோன் முதலில் திட்டினான், பிறகு பழகிப்போய், அவன் வரும்வரை துணியோடு காத்திருந்து ஒரே தடவையாகத் துடைக்கக் கற்றுக்கொண்டான். காத்திருக்கும்போது இருவரும் ஊர்க்கதை பேசுவார்கள். ஹெராக்கோன் வருஷத்துக்கு ஒரு தடவை மீன் ஜாடியோடு வருவான். அன்றைக்கு அவனும் தெல்லியாஸும் சேர்ந்து வீசுவார்கள். தெல்லியாஸ் தன் பயிற்சியைக் கைவிடவில்லை என்று பத்ரகோஸ் வெளியூர்களில் சொல்லித் திரிந்தான்.

தெல்லியாஸ் ஒரு அறுவடைக் காலத்தில், கம்பளியை மிதித்துக்கொண்டிருந்தபோதே சாய்ந்தான். அவனை எரித்து, சாம்பலைப் புதைத்த மறுநாள் காலையில் கோனோன் வழக்கம்போலத் துணியோடு சதுக்கத்தில் நின்றான். துடைப்பதற்கு ஒன்றுமில்லை. வெண்கலம் வெயிலில் பளபளவென்று நின்றது, அதைப் பார்க்கவே அவனுக்குப் பிடிக்கவில்லை. போகலாமா வேண்டாமா என்று அவன் தயங்கிக்கொண்டிருக்கும்போது, துக்கத்துக்குத் தலைமுடியைக் கத்தரித்துக்கொண்ட ஃபிலித்தா வந்தாள். யாரையும் பார்க்கவில்லை. குனிய முடியாமல் குனிந்து ஒரு கைப்பிடி மண்ணை அள்ளினாள்.

"இந்தா," என்று சொல்லி வீசினாள்.

கோனோன் அன்றைக்குத் துடைக்கவில்லை.